கொலுப்படியில் ஒரு கப்பல்

நான் கட்டிய கப்பல்கள் எதிலும் ஆள் கிடையாது. பார்க்க வருகிறவர்கள் பாய்மரத்தைத் தொட்டுப் பார்ப்பார்கள், புகைபோக்கியைத் தட்டிப் பார்ப்பார்கள், அப்புறம் "மனுஷாளையே காணோமே ஸார்?" என்பார்கள். எனக்குக் கோபம் வரும். ஒரு முழ நீளக் கப்பலில் மனுஷன் ஓர் அரிசி உயரம்தான் இருப்பான். அவனுக்குக் கை கால் வைக்க என்னால் ஆகாது. வைத்துவிட்டாலும் அது கப்பலாக இருக்காது, விளையாட்டுச் சாமானாகிவிடும் என்று பெரிய வியாக்கியானம் செய்வேன். அதெல்லாம் ஒரு காலம். இப்போது யாராவது கேட்டால் பேச்சை மாற்றிவிடுகிறேன்.

தஞ்சாவூர் ஜில்லாவிலிருந்து கல்கத்தாவுக்கு வந்து, அலிப்பூரில் ஒரு சர்க்கார் ஆபீஸில் குப்பை கொட்டியவன் நான். பவானிப்பூர் சந்து ஒன்றில் மாடிப் போர்ஷன். கடல் தாண்டினால் சாதி போய்விடும் என்று பயந்தவர்கள் வம்சம் எங்களுடையது. எனக்கு அந்தப் பயம் இல்லை, ஆனால் படகில் கால் வைத்தாலே குமட்டும். ஆகவே ஆயுளில் ஒரு கப்பலிலும் ஏறியதில்லை. ஏறாதவனுக்குத்தான் கப்பல் பைத்தியம் பிடிக்கும் போலிருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை ஆனால் டிராம் பிடித்து ஆற்றங்கரைக்குப் போய்விடுவேன். நின்றிருக்கும் கப்பலின் கம்பி ஓரத்தில் யாராவது கலாசி சாய்ந்துகொண்டிருப்பான். அவன் உயரத்தை அளவுகோலாக வைத்து, புகைபோக்கி எத்தனை ஆள், பாய்மரம் எத்தனை ஆள் என்று கண்ணாலேயே அளந்து மனசில் போட்டுக்கொண்டு வருவேன். அளவெடுக்க மட்டும் ஆள் வேண்டும், கப்பலில் வைக்க வேண்டாம்.

தேயிலைப் பெட்டிப் பலகையில் உடம்பு. மேல்தட்டு அறைகளுக்கு நெட்டி. பூஜைக் காலத்தில் வங்காளிகள் அம்மனுக்குக் கிரீடம் செய்கிற அதே நெட்டி, எங்கும் கிடைக்கும். சிகரெட் டப்பாத் தகரத்தில் புகைபோக்கி. பூசணி விதையைப் பிளந்தால் உயிர்காக்கும் படகு, அதற்கு ஈடாக இன்றுவரை எதுவும் எனக்கு அகப்படவில்லை. ஒட்டுவதில்தான் தகராறு. தச்சர்கள் வச்சிரம் வைத்து ஒட்டுவார்கள், மாட்டுத் தோலைக் காய்ச்சி எடுக்கிற கோந்து. அதை வீட்டு வாசல்படி தாண்டிக் கொண்டுவந்தால் என் மனைவி என்னையும் சேர்த்து வெளியே வைத்துவிடுவாள். வெங்காயமே ஏறாத வீடு அது. அதனால் புளியங்கொட்டைப் பசைதான் எனக்கு. கல்கத்தா மழைக்கு அந்தப் பசை தாங்காது, ஊறி இளகிவிடும். மழைக்காலம் முடிவதற்குள் அலமாரியில் இருக்கும் என் கப்பல்களில் பாதி ஒருபக்கமாகச் சாய்ந்து நிற்கும்.

"உங்க கப்பலுக்கெல்லாம் தலை சுத்தறதுன்னா. சுக்குக் கஷாயம் போடட்டுமா?" என்பாள் என் மனைவி. பசை காயட்டும் என்று நான் உட்கார்ந்திருந்தால், "கப்பல் கவிழ்ந்தாப்பல கன்னத்துல கையை வெச்சுக்காதேங்கோ" என்று அதற்கும் ஒரு இடி. என் மானம் கப்பலேறுவது அந்த வீட்டில் தினசரி நடக்கிற காரியம். நானும் ரசித்துக்கொண்டுதான் இருந்தேன்.

எங்களுக்குக் குழந்தை இல்லை. அவளுடைய தம்பி இருந்தான். தாயார் போனபோது அவனுக்கு நடக்கக்கூடத் தெரியாது. இவள் இடுப்பில் வைத்து வளர்த்தாள், கல்யாணமாகி வந்தபோது கூடவே கூட்டிக்கொண்டு வந்தாள். கல்கத்தாவிலேயே படித்தான், தமிழைவிட வங்காளி நன்றாகப் பேசினான். இருபத்திரண்டு இருபத்துமூன்று வயதில் ரங்கூனில் ஓர் அரிசி ஆலை ஆபீஸில் வேலை கிடைத்தது. அவள் அழுதாள், பட்டினி கிடந்தாள், கடைசியில் தன் கையாலேயே முறுக்குச் சுற்றி டின்னில் அடைத்தாள்.

அவன் போகப்போகிற கப்பல் நவராத்திரிக்கு முந்தின வாரமே ஆற்றில் வந்து நின்றது. நானும் அவனும் போய்ப் பார்த்தோம். "அத்திம்பேர், இதைப் பண்ணுங்கோ. அக்கா பாத்துண்டு இருப்பா" என்றான். அவனையே துறைமேடையின் ஓரத்தில், கப்பலை ஒட்டினாற்போல நிற்கச் சொல்லி அளவெடுத்தேன். வேறு எந்தக் கப்பலையும் அவ்வளவு வேகமாக நான் கட்டியதில்லை. நவராத்திரி ஆரம்பிக்கிற சமயத்தில் முடிந்தது. என் மனைவி அதை இரண்டு கையாலும் வாங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"எல்லாம் இருக்கு. அவனைக் காணோமே?"

"உள்ளே படுத்துண்டு தூங்கறான்" என்றேன்.

"டெக் டிக்கெட்காரனுக்கு உள்ளே ஏது இடம்? சின்னதா ஒரு ஆள் பண்ணப்படாதா?"

ஆள் பண்ண எனக்கு வராது என்றேன். அவள் கப்பலைக் கொண்டுபோய்க் கொலுவில் நடுப்படியில், மரப்பாச்சிக்கும் கிருஷ்ணநகர்க் களிமண் பொம்மைகளுக்கும் நடுவில் வைத்தாள். எங்கள் கொலுப்படிகளும் தேயிலைப் பெட்டிகள்தான், மேலே வேஷ்டி விரித்திருக்கும்.

கப்பல் கம்பெனிக்காரன் பஞ்சாங்கம் பார்ப்பானா? நவமியன்று புறப்பாடு. நவமியில் யாராவது பிரயாணம் கிளம்புவார்களா என்று இவளுக்குத் தவிப்பு. சப்தமியிலேயே அவனுடைய மூட்டை ஒன்றைப் பக்கத்து வீட்டில் கொண்டுபோய் வைத்து, நல்ல நாளில் கிளம்பிவிட்டதாகக் கணக்குப் பண்ணிக்கொண்டாள். படித்துறையில் பெரிய கூஜா நிறையத் தண்ணீரை அவன் கையில் கொடுத்தாள். "கப்பல்ல இருக்கறது யார் யாரோ மொண்டு குடிக்கிற தண்ணிடா. கப்பல் தண்ணியை வாயிலே வைக்காதே" என்றாள். "சரிக்கா" என்று அவன் சிரித்தான். கூஜாவை உயர்த்திக் காட்டிக்கொண்டே ஏறினான்.

மறுநாள் விஜயதசமி. கொலு முடிந்ததும் சாயங்காலம் ஆரத்தி எடுத்து, ஒரு பொம்மையைப் படுக்க வைத்து, தாலாட்டுப் பாடிக் கொலுவைத் தூங்கப்பண்ணுவது வழக்கம். பல வீடுகளில் மரப்பாச்சியைப் படுக்க வைப்பார்கள். இவளுடைய பிறந்த வீட்டில், அந்த வருஷம் புதிதாக வந்த பொம்மைதான் முதலில் தூங்க வேண்டும். அந்த வருஷம் புதிதாக வந்தது கப்பல். சிவப்புப் பட்டுத் துண்டை விரித்து, கப்பலை அதில் பக்கவாட்டில் படுக்க வைத்தாள். பாய்மரம் இடித்ததால் ஒரு துணியை மடித்து முட்டுக் கொடுத்தாள். லாலி பாடினாள். நான் பக்கத்திலேயே உட்கார்ந்து சுண்டல் தின்றுகொண்டிருந்தேன். எங்கள் இரண்டு பேருக்கும் ஒன்றுமே தோன்றவில்லை.

தெருவில் டாக் மேளம் கேட்டது. அம்மனை ஆற்றில் கரைக்க எடுத்துப் போய்க்கொண்டிருந்தார்கள். பக்கத்து வீட்டு வங்காளி அம்மாள், என் மனைவி தீதி என்று கூப்பிடுகிறவள், விஜயா வாழ்த்துச் சொல்லத் தேங்காய் உருண்டைத் தட்டோடு வந்தாள். அம்மனுக்குக் குங்குமம் இட்டுவிட்டு வந்த முகம், நெற்றி கன்னமெல்லாம் சிவப்பு. கொலுவைப் பார்த்ததும் கலகலவென்று சிரித்தாள்.

"ஓ மா! ஜாஹாஜ்டா டூபே கேலோ ஜே!"

ஐயையோ, கப்பல் மூழ்கிவிட்டதே என்று அர்த்தம். வேடிக்கையாகத்தான் சொன்னாள். சொன்ன பிறகுதான் கப்பலில் போயிருப்பது யார் என்பது அவளுக்கு ஞாபகம் வந்தது. நாக்கைக் கடித்துக்கொண்டாள். என் மனைவி கையிலிருந்த குங்குமத் தட்டைக் கீழே வைத்துவிட்டு, ஓடிப்போய்க் கப்பலை நிமிர்த்தினாள். தூங்க வைத்த பொம்மையை விடியுமுன் எழுப்பக்கூடாது என்பது சாஸ்திரம், அவளே எனக்கு எத்தனையோ தடவை சொன்னதுதான். மேளச் சத்தம் ஆற்றுப் பக்கமாகப் போய்த் தேய்ந்தது.

மறுநாள் காற்று எழுந்தது. எங்களுக்கு வந்தது புயலின் வால்தான் என்றார்கள், அதற்கே மைதானத்தில் மரங்கள் சாய்ந்தன. தலை இருந்தது வங்காள விரிகுடாவில். காலையில் நான் பல் தேய்த்துக்கொண்டிருந்தபோது அவள் கூப்பிட்டாள்.

"ஏன்னா, இங்கே வாங்கோ."

கப்பல் இடதுபக்கம் சாய்ந்திருந்தது. அவள் தொடவில்லை, நானும் தொடவில்லை. நாங்கள் தொடாமலே சாய்ந்திருந்தது.

காற்றில் ஈரம், பசை இளகிவிட்டது, வருஷா வருஷம் நடப்பதுதானே என்றேன். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை என்றேன். அவள் கொட்டைப்பாக்கை முட்டுக் கொடுத்து நிமிர்த்தினாள். மத்தியானம் வலதுபக்கம் சாய்ந்தது. "அவன் சாயறான்னா" என்றாள். எனக்கு ஆத்திரம் வந்து வாயில் வந்ததையெல்லாம் சொன்னேன். அலமாரியில் இருந்த மற்றக் கப்பல்களும் சாய்ந்துதான் இருக்கின்றன, போய்ப் பார் என்று கத்தினேன். அவள் போய்ப் பார்த்தாள். அன்றைக்கென்று அவை நேராக நின்றன. அவற்றை முந்தின மாதம் நான் புதுப் பசை போட்டு நன்றாகக் காயவைத்திருந்தேன், இது அவசரத்தில் ஒட்டியது, காரணம் அவ்வளவுதான். ஆனாலும் நானும் போய் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தேன்.

தினமும் ஆபீஸ் விட்டதும் கப்பல் கம்பெனிக்குப் போனேன். வாசலில் ஒரு கூட்டம், தெலுங்கர்கள், செட்டியார் கடை ஆட்கள், சிட்டகாங்கிலிருந்து வந்த கலாசிகளின் உறவுக்காரர்கள். கப்பல் போய்ச் சேரவில்லை, சேதியும் இல்லை. வீட்டுக்கு வந்தால் அவள், நான் செருப்பைக் கழற்றுகிற விதத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டு உள்ளே போய்விடுவாள். கப்பல் சாயும், நிமிர்த்துவாள், மறுபடி சாயும்.

ஒருநாள் காபியை வைத்துவிட்டு என் எதிரில் நின்றாள்.

"வச்சிரம் வாங்கிண்டு வாங்கோ."

"அது என்னன்னு தெரியுமோன்னோ உனக்கு?"

"தெரியும். மாட்டுத் தோல். வாங்கிண்டு வாங்கோ."

வாங்கி வந்தேன். வாசலிலேயே காய்ச்சிக்கொள்கிறேன் என்றேன். அவள் கேட்கவில்லை. தன் சமையலறையில், தன் குமுட்டி அடுப்பில், ஒரு வெண்கலக் கிண்ணியில் தானே காய்ச்சினாள். அந்த நாற்றம் பூஜை அலமாரி வரைக்கும் போயிற்று. அவள் முகம் சுளிக்கவில்லை. நான் கப்பலின் அடியை அதன் மரத் தாங்கியோடு சேர்த்து ஒட்டினேன். ஒட்டிய பிறகும் அவள் விடவில்லை. காய்கிற வரைக்கும் இரண்டு கைகளாலும் கப்பலைப் பிடித்துக்கொண்டு, விளக்கு வைக்கிற நேரம் வந்தும் எழுந்திருக்காமல், அப்படியே உட்கார்ந்திருந்தாள். அன்று விளக்கை நான் ஏற்றினேன்.

கப்பல் அதற்கப்புறம் சாயவில்லை.

அடுத்த நாளோ அதற்கு மறுநாளோ, கம்பெனி குமாஸ்தா என்னைத் தூரத்தில் கண்டதுமே கையை ஆட்டினான். கப்பல் ரங்கூன் சேர்ந்துவிட்டது! புகைபோக்கி நசுங்கி, படகுகளை இழந்து, எப்படியோ தள்ளாடிப் போய்ச் சேர்ந்துவிட்டது. நான் டிராமுக்குக் காத்திருக்கவில்லை, நடந்தும் ஓடியும் வீடு வந்தேன். அவள் பாயசம் வைத்தாள், தீதிக்கு ஒரு கிண்ணம் கொண்டுபோய்க் கொடுத்து அவளைக் கட்டிக்கொண்டாள். "பாத்தேளா, நிமிர்ந்துடுத்து" என்றாள் என்னிடம். பசை, ஈரம், பனம்பழம் என்று அவ்வளவு பேசியவன், நானும் நம்பினேன். நம்பாமல் இருக்க முடியவில்லை.

அவனிடமிருந்து கடுதாசி வரவில்லை. ரங்கூனிலிருந்து திரும்பிய அடுத்த கப்பலில் ஓர் ஆள் வந்தார். எங்கள் ஜில்லாக்காரர், டெக்கில் அவனுக்குப் பக்கத்தில் பாய் போட்டிருந்தவர். உட்காரச் சொன்னோம், உட்காரவில்லை.

"கப்பல் ஒருக்களிச்சுது ஸ்வாமி. எல்லாரும் கயித்தைப் பிடிச்சுண்டிருந்தோம். அவர் கூஜா உருண்டுது. விடுங்கோ, கப்பல்ல தண்ணி இருக்குன்னு கத்தினேன். அக்கா கொடுத்ததுன்னு சொல்லிண்டே அதும் பின்னாடி போனார். அலை வந்துது. அலை போனப்புறம் பார்த்தா, அந்த இடத்துல ஒண்ணுமே இல்லை."

என் மனைவி அழவில்லை. "நான்தான் சொன்னேன், கப்பல் தண்ணியை வாயிலே வைக்காதேடான்னு" என்றாள். அதை அந்த மனுஷரிடம் சொன்னாளா, என்னிடம் சொன்னாளா, தெரியவில்லை. அவர் போன பிறகும் அதே வாக்கியத்தை அதே குரலில் சொன்னாள். இங்கே இவள் அடுப்பில் மாட்டுத் தோல் காய்ச்சிய அன்று, அவன் போய் எத்தனையோ நாள் ஆகியிருந்தது.

உடம்பு கிடைக்காதவர்களுக்குத் தர்ப்பையால் உருவம் செய்து தகனம் பண்ணலாம் என்றார் சாஸ்திரிகள். உள்ளேயிருந்து வந்து என்னைப் பார்த்தாள். "கப்பல்ல வைக்க ஆள் பண்ண வராதுன்னேள். எரிக்கறதுக்கு மட்டும் பண்ணலாமா?" என்றாள். "அவன் கப்பல்லதான் இருக்கான்." சாஸ்திரிகள் வேஷ்டியைத் தட்டிக்கொண்டு எழுந்து போனார்.

கொலுவை அவள் பிரிக்கவில்லை. தூங்கப் பண்ணாத கொலுவை எப்படிப் பிரிப்பது? எந்தப் பொம்மையையும் படுக்க வைக்க அவள் சம்மதிக்கவில்லை. தேயிலைப் பெட்டிப் படிகள் உள் அறையிலேயே நின்றன. ஐப்பசி, கார்த்திகை, தை, பங்குனி என்று மாதம் மாதமாக அந்தப் பொம்மைகள் கண்ணைத் திறந்தபடி நின்றன. ஆபீசுக்குக் கிளம்பும்போது செட்டியார் பொம்மை என்னைப் பார்க்கும், திரும்பி வரும்போதும் பார்க்கும். அவள் தினமும் தூசி தட்டினாள். அந்த வீட்டில் யாரும் கன்னத்தில் கை வைக்கவில்லை, தப்பித் தவறி வைத்தாலும் சட்டென்று எடுத்துவிடுவோம்.

பிறகு ஒருநாள் காலையில், கப்பலின் மேல்தட்டில் ஏதோ வெள்ளையாகத் தெரிந்தது. குனிந்து பார்த்தேன். ஓர் அரிசி. கம்பி ஓரத்தில், வச்சிரம் ஒரு பொட்டு வைத்து, நிற்க வைத்திருந்தது. அளவு கனகச்சிதம், என் வாயால் நானே சொன்ன அளவு. சில நாள் அது முன்பக்கம் நிற்கும், சில நாள் பின்பக்கம், மழை நாளில் புகைபோக்கிக்கு அடியில் ஒதுங்கி நிற்கும். அவள் அதை நகர்த்தி ஒருதரம்கூட நான் பார்த்ததில்லை. அவள்தான் நகர்த்துகிறாள் என்று தெரியும், தெரிந்தும் எழுந்ததும் என் கால் முதலில் அங்கேதான் போகும், இன்றைக்கு எங்கே நிற்கிறான் என்று பார்க்க. ஒருநாள் எறும்பு அதை இழுத்துக்கொண்டு மூன்றாம் படிக்குப் போய்விட்டது. நான் எறும்பைத் திட்டி, அரிசியைப் பிடுங்கி, அவள் குளித்துவிட்டு வருவதற்குள் பழைய இடத்தில் ஒட்டி வைத்தேன்.

நான் கப்பல் கட்டுவதை விட்டேன். ஆற்றங்கரைக்குப் போனால் புகைபோக்கி கண்ணில் படவில்லை, கம்பி ஓரத்து ஆட்கள்தான் பட்டார்கள். வெறும் சேகரிப்போடு நிறுத்திக்கொண்டேன். கிதர்பூர் பழைய சாமான் கடைகளில் மாலுமிகள் விற்றுவிட்டுப் போன கப்பல்கள் கிடைக்கும், சீசாவுக்குள் அடைத்தது, தந்தத்தில் செதுக்கியது. ஆள் இல்லாததாகப் பார்த்து வாங்குவேன். ஒரு அருமையான பாய்க்கப்பலை, சுக்கான் அருகே துளியூண்டு ஆள் நின்றதால் வேண்டாமென்று வைத்துவிட்டு வந்தேன். கடைக்காரன் என்னைப் பைத்தியம் என்று நினைத்திருப்பான்.

வருஷங்கள் போயின. அவளுக்குத் தலை நரைத்தது. தீதியின் நெற்றியில் குங்குமம் போய், வெள்ளைப் புடவை வந்தது. ஒரு விஜயதசமி சாயங்காலம், தெருவில் மேளம் ஆற்றுப் பக்கம் போய்க்கொண்டிருந்தது. தீதி வழக்கம்போல் வந்து கதவோரமாக உட்கார்ந்திருந்தாள். என் மனைவி ஆரத்தி எடுத்தாள். எடுத்துவிட்டுப் பெட்டியைத் திறந்து அந்தச் சிவப்புப் பட்டுத் துண்டை எடுத்து விரித்தாள். பிறகு கப்பலை நோக்கிப் போனாள்.

ஒரு காலத்தில் பசை, ஈரம் என்று வாதாடிய நான், எழுந்து போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். "வேண்டாம்டி. கப்பலைப் படுக்க வைக்காதே" என்றேன்.

அவள் என் விரல்களை மெதுவாக விலக்கினாள். கப்பலைத் தொடவில்லை. நகத்தால் அந்த அரிசியைக் கிள்ளி எடுத்து, உள்ளங்கையில் வைத்துக்கொண்டு வந்து, பட்டின் நடுவில் படுக்க வைத்தாள். அன்று பாய்மரத்துக்கு முட்டுக் கொடுத்த அதே துணியை மடித்துத் தலைமாட்டில் வைத்தாள். லாலி பாடினாள். பாடி முடித்து என்னைப் பார்த்தாள்.

"எத்தனை வருஷமா நின்னுண்டே இருக்கான். கால் வலிக்காதா குழந்தைக்கு? தூங்கட்டும்."